ஊர்ப் பொது அண்டாவும் ஒரு டி.எல்.எல். கோப்பும்

மலர்க் குழு நண்பர் போனில் கூப்பிட்டு, "நீயும் ஒரு கட்டுரை குடுப்பா. ஆனா 'கல்லூரி நாட்கள் பசுமையானவை'ன்னு மட்டும் எழுதிடாத, அந்தத் தலைப்புல ஏற்கெனவே ஏகப்பட்டது வந்து கெடக்கு" என்றார். எனக்கும் அது நல்லதாகப் போயிற்று. பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாக நெஞ்சில் கிடக்கும் ஒரு விஷயத்தை இறக்கி வைக்க இந்த மலரை விட்டால் வேறு இடம் கிடையாது.

எங்கள் பேட்ச் நண்பர்களுக்கு 2010ஆம் ஆண்டு புராஜெக்ட் டெமோ நாள் மறந்திருக்காது. நல்லம்பள்ளி வெயில், மின்விசிறி சுற்றியும் சுற்றாத ஒரு லேப், புரொஜெக்டர் மாட்டிய ஒரே ஒரு கம்ப்யூட்டர். எல்லா பேட்சும் அதில்தான் தங்கள் புராஜெக்டை ஓட்டிக் காட்ட வேண்டும். என் பேட்ச், பால் கூட்டுறவுச் சங்கக் கணக்குக்கான மென்பொருள். எங்களுக்கு அடுத்தது மூன்று பெண்கள் கொண்ட ஒரு பேட்ச். தருமபுரிப் பட்டுக்கூடு அங்காடியின் ஏலக் கணக்கை எடுத்துச் செய்திருந்தார்கள். எங்களுடையது ஓடிற்று. அவர்களுடையது ஓடவில்லை. 'இந்தக் கோப்பு காணவில்லை அல்லது செல்லாதது' என்று திரையில் ஒரு சிறிய சாம்பல் நிறப் பெட்டி வந்து நின்றது. முந்தின நாள் சாயந்திரம் அதே கம்ப்யூட்டரில் அருமையாக ஓடிய புராஜெக்ட் அது.

என்ன நடந்தது, யார் செய்தது என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதற்கு முன், அந்தச் சாம்பல் பெட்டியின் வரலாற்றைக் கொஞ்சம் பார்த்துவிடுவோம். இன்றைய மாணவர்களும் வாரத்துக்கு ஒரு முறையாவது அதைச் சந்திப்பவர்கள்தானே!

இரும்பு அலமாரியில் ஒரு நூலகம்

மென்பொருளில் 'லைப்ரரி' என்ற சொல் எப்படி வந்தது? உண்மையான ஒரு அலமாரியிலிருந்து வந்தது. இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் 1949ஆம் ஆண்டு மே 6ஆம் தேதி எட்சாக் என்ற கணிப்பொறி தன் முதல் கணக்கைப் போட்டது. மாரிஸ் வில்க்ஸ் தலைமையில் உருவான இயந்திரம் அது. புரோகிராம்களைக் காகித நாடாவில் துளையிட்டு உள்ளே செலுத்துவார்கள். வர்க்கமூலம் காண்பது, சைன் மதிப்புக் காண்பது, விடையை அச்சிடுவது போன்ற வேலைகள் எல்லோருக்கும் அடிக்கடி தேவைப்பட்டன. ஒவ்வொருவரும் புதிதாக எழுதி, ஒவ்வொருவரும் புதிதாகத் தப்பு செய்துகொண்டிருந்தார்கள்.

ஆகவே, ஒருமுறை சரியாக எழுதி, சோதித்துப் பார்த்த நாடாக்களை இரும்பு அலமாரி ஒன்றில் அடுக்கி வைத்தார்கள். வேண்டியவர் எடுத்து, தன் நாடாவில் அந்தப் பகுதியைப் பிரதி செய்துகொண்டு, மூலத்தைத் திருப்பி வைத்துவிட வேண்டும். 1951ஆம் ஆண்டுக்குள் இப்படி 87 துணைநிரல்கள் சேர்ந்துவிட்டன. அந்த ஆண்டு வில்க்ஸ், டேவிட் வீலர், ஸ்டான்லி கில் மூவரும் இந்த முறையை விளக்கி ஒரு நூலே வெளியிட்டார்கள். புரோகிராம் எழுதுவதைப் பற்றிய ஆரம்பகால நூல்களில் முக்கியமானது அது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். அலமாரி பொது, ஆனால் எடுத்துக்கொண்ட பிரதி அவரவர் சொந்தம். இதுவே பின்னாளில் 'ஸ்டாட்டிக் லிங்க்கிங்' எனப்பட்டது. ஒருவர் தன் பிரதியைக் கெடுத்தால் அடுத்தவருக்கு ஒன்றும் ஆகாது. இதில் சிக்கல் என்னவென்றால், பத்துப் பேர் ஒரே துணைநிரலை எடுத்தால் பத்துப் பிரதி. பத்து மடங்கு இடம். நினைவகம் தங்கத்தைவிட விலை கூடிய காலம் அது.

1960களின் மத்தியில் அமெரிக்காவின் எம்.ஐ.டி., ஜெனரல் எலக்ட்ரிக், பெல் லேப்ஸ் மூவரும் சேர்ந்து மல்டிக்ஸ் என்ற இயக்க அமைப்பைத் தொடங்கினார்கள். அதில் ஒரு புதுமை செய்தார்கள். பிரதி எடுப்பதை விட்டுவிட்டு, புரோகிராம் ஓடிக்கொண்டிருக்கும்போது, தேவைப்படும் அந்த நேரத்தில், பொது நிரலைத் தேடிப் பிடித்து இணைத்துக்கொள்வது. 'டைனமிக் லிங்க்கிங்' பிறந்த கதை இதுதான்.

எங்கள் ஊர் அண்டா

இதைப் புரிந்துகொள்ள பெரிய படிப்பு வேண்டாம். நம் பக்கத்துக் கிராமங்களில் வளர்ந்தவர்களுக்கு ஊர்ப் பொதுப் பாத்திரம் தெரியும். சோறு வடிக்கும் பெரிய அண்டா, குழம்பு அண்டா, தவலை, கரண்டி, ஜமக்காளம் எல்லாம் மாரியம்மன் கோயில் அறையில் இருக்கும். 'ஊர்ப் பொது' என்று பெயர் வெட்டியிருக்கும். கல்யாணமோ, காதுகுத்தோ, கருமாதியோ, எடுத்துப்போய்ச் சமைத்துவிட்டுக் கழுவித் திருப்பி வைக்க வேண்டும். வருஷத்தில் இரண்டு நாள் பயன்படும் அண்டாவை வீட்டுக்கு வீடு வாங்கி வைப்பானேன்?

சரி. ஒரு வீட்டார் தங்கள் வசதிக்காக அண்டாவின் விளிம்பைத் தட்டி நெளித்துவிட்டார்கள் என்று வையுங்கள். அவர்கள் வீட்டுக் கல்யாணம் ஜாம்ஜாமென்று நடந்துவிடும். அடுத்த முகூர்த்தத்தில் இன்னொரு வீட்டார் அதை அடுப்பில் ஏற்றும்போதுதான் மூடி உட்காராது. ஆவி வெளியே போகும். சோறு அரைவேக்காடாக நிற்கும். பந்தியில் தலைகுனிந்து நிற்பது யார்? நெளித்தவர் இல்லை. அவர் எப்போதோ சாப்பிட்டுக் கை கழுவிவிட்டார்.

டி.எல்.எல்., அதாவது 'டைனமிக் லிங்க் லைப்ரரி' என்ற கோப்பு இந்த அண்டாதான். அதன் வரலாறு முழுவதும் விளிம்பு நெளிந்த கதையும், நெளியாமல் காக்கப் பட்ட பாடும்தான்.

640 கிலோபைட் காலம்

மைக்ரோசாப்டின் முதல் விண்டோஸ் 1985 நவம்பர் 20 அன்று வெளியானது. அது ஓடக் குறைந்தபட்சம் 256 கிலோபைட் நினைவகம் போதும் என்றார்கள். ஐ.பி.எம். பி.சி.யில் சாதாரண புரோகிராம்களுக்குக் கிடைத்த உச்சவரம்பே 640 கிலோபைட். இன்று நாம் போனில் எடுக்கும் ஒரு போட்டோகூட அதைவிடப் பெரியது. அந்தச் சின்ன இடத்தில் ஜன்னல், மெனு, எலிக்குறி, எழுத்து எல்லாம் வரைய வேண்டும். ஒன்றுக்கு மேற்பட்ட புரோகிராம்களும் ஓட வேண்டும்.

வழி ஒன்றுதான் இருந்தது: பகிர்ந்துகொள்வது. நினைவகத்தையும் கோப்புகளையும் கவனிக்க கெர்னல், ஜன்னல்களையும் மெனுக்களையும் கவனிக்க யூசர், திரையில் வரைய ஜி.டி.ஐ. என்று மூன்று பொது நூலகங்களை வைத்து, எல்லாப் புரோகிராம்களும் அவற்றையே கூப்பிடும்படி அமைத்தார்கள். நினைவகத்தில் ஒரு பிரதி இருந்தால் போதும். அடுத்த சில ஆண்டுகளில், 1988ல் வந்த சன்ஓஎஸ் 4.0 போல, யூனிக்ஸ் உலகத்திலும் இதே ஏற்பாடு பரவிற்று.

ஆக, டி.எல்.எல். என்பது யாரோ வேலையற்றவர் கண்டுபிடித்த தொல்லை அல்ல. ஏழ்மையில் பிறந்த புத்திசாலித்தனம் அது.

நரகம் என்று பெயர் வாங்கிய கதை

1990ல் விண்டோஸ் 3.0, 1991ல் விஷுவல் பேசிக், 1995 ஆகஸ்டில் விண்டோஸ் 95. யார் வேண்டுமானாலும் விண்டோஸ் மென்பொருள் எழுதலாம் என்ற காலம் வந்தது. விஷுவல் பேசிக்கின் மூன்றாம் பதிப்பில் எழுதிய எந்தச் சிறு புரோகிராமும் ஓட 'விபிரன்300' என்ற டி.எல்.எல். வேண்டும். அது ஏறத்தாழ 400 கிலோபைட். கைக்கு அடக்கமான ஒரு முகவரிப் புத்தக மென்பொருளை பிளாப்பியில் வாங்கி வந்து ஓட்டினால், விபிரன்300 இல்லை என்று சொல்லிவிடும். அப்புறம் அதற்காக இன்னொரு பிளாப்பி தேடி அலைய வேண்டும். காணாமல் போகும் டி.எல்.எல். கதைக்கு இதுதான் பிள்ளையார் சுழி.

காணாமல் போவதாவது பரவாயில்லை. எது இல்லை என்று தெரியும். மாறிப்போவதுதான் பெரிய தொல்லை. பொதுக் கோப்புகள் எல்லாம் விண்டோஸின் சிஸ்டம் ஃபோல்டரில் ஒன்றாகக் கிடந்தன. புது மென்பொருள் நிறுவும்போது அதன் செட்டப், தான் கொண்டுவந்த டி.எல்.எல்.லை அங்கே போடும். ஏற்கெனவே அங்கிருப்பது புதிய பதிப்பா, பழைய பதிப்பா என்று பார்த்துவிட்டுத்தான் போட வேண்டும் என்பது விதி. பல செட்டப்புகள் பார்க்கவில்லை. புதியதன்மேல் பழையது ஏறி உட்கார்ந்தது. சில சமயம் முறைப்படி புதியதைப் போட்டாலும், பழையதன் ஏதோ ஒரு குணத்தை நம்பியிருந்த வேறு மென்பொருள் படுத்துக்கொண்டது. ஒரு மென்பொருளை நீக்கும்போது, 'இந்தப் பொதுக் கோப்பை வேறு யாரும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, அழிக்கவா?' என்று கேட்கும். நாமும் ஆமாம் என்போம். மறுநாள் வேறு ஏதோ ஒன்று ஓடாது.

இதற்கு 'டி.எல்.எல். ஹெல்' என்று பெயர் வைத்தார்கள், டி.எல்.எல். நரகம். பெயர் வைத்தவர்கள் எத்தனை ராத்திரி கண் விழித்தார்களோ!

இந்த நரகத்தின் சூட்சுமம் ஒன்றுதான். தப்பு நடக்கும் இடம் ஒன்று, வலிக்கும் இடம் இன்னொன்று. திங்கட்கிழமை ஒரு கேம் நிறுவினவனுக்கும், புதன்கிழமை ஓடாமல் போன கணக்கு மென்பொருளுக்கும் என்ன சம்பந்தம் என்று யார் கண்டுபிடிப்பது?

நம் தமிழும் ஒரு பொதுக் கோப்பும்

தமிழ்க் கம்ப்யூட்டர் வரலாற்றிலேயே இந்தக் கதைக்கு ஓர் அத்தியாயம் உண்டு.

1990களில் தமிழ் எழுத்துருக்கள் ஏராளம். ஆனால் ஒவ்வொரு நிறுவனமும் எழுத்துகளுக்குத் தனித்தனியே எண் கொடுத்திருந்தது. ஒரு எழுத்துருவில் அடித்ததை இன்னொன்றில் திறந்தால் ஒரே கிறுக்கல். பொது அண்டாவே இல்லாத ஊர் அது; வீட்டுக்கு வீடு தனித்தனிப் படி, தனித்தனி மரக்கால். இதற்கு முடிவு கட்டத்தான் 1999 பிப்ரவரியில் சென்னையில் தமிழ்நெட் 99 மாநாடு கூடி, பொதுவான எழுத்துக் குறியீட்டு முறையும் விசைப்பலகையும் வகுத்தது. உலகப் பொதுக் குறியீடான யூனிகோடில் 1991லேயே தமிழுக்கு இடம் கிடைத்திருந்தது. ஆனால் இடம் இருந்து என்ன பயன், திரையில் ஒழுங்காகத் தெரிய வேண்டுமே?

'கொடு' என்று எழுதுங்கள். கம்ப்யூட்டர் முதலில் 'க'வையும், அடுத்து ஒகரக் குறியையும் சேமிக்கிறது. ஆனால் திரையில் கொம்பு முன்னாலும், கால் பின்னாலும், நடுவில் 'க'வும் வர வேண்டும். ஆங்கிலத்துக்கு இந்த வம்பு இல்லை. வந்த வரிசையிலேயே அச்சடித்துவிடலாம். தமிழுக்கு இடையில் ஒருவர் உட்கார்ந்து, எதை முன்னால் வைப்பது, எதைச் சேர்ப்பது என்று கோத்துக் கொடுக்க வேண்டும். விண்டோஸில் அந்த வேலையைச் செய்த பொதுக் கோப்பின் பெயர் யு.எஸ்.பி.10 டி.எல்.எல். (பென்டிரைவ் செருகும் யு.எஸ்.பி. அல்ல, 'யூனிகோட் ஸ்கிரிப்ட்ஸ் பிராசசர்' என்பதன் சுருக்கம் இது.) 2000ஆம் ஆண்டு வந்த விண்டோஸ் 2000, லதா என்ற தமிழ் எழுத்துருவோடு இந்த வசதியையும் கொண்டுவந்தது.

அடுத்து வந்த எக்ஸ்.பி.யில் வசதி இருந்தும், தானாக வேலை செய்யாது. கன்ட்ரோல் பேனலில் மொழிப் பகுதிக்குப் போய், 'சிக்கலான எழுத்து மொழிகளுக்கான கோப்புகளை நிறுவு' என்ற கட்டத்தில் டிக் போட வேண்டும். உடனே எக்ஸ்.பி. சிடி கேட்கும். நம் பக்கத்து பிரவுசிங் சென்டர்களில் அந்த சிடி எங்கே இருக்கும்? நான் படித்த காலத்தில் தமிழ் இணையப் பக்கம் ஒன்றைத் திறந்தால் பல இடங்களில் கட்டம் கட்டமாகத் தெரியும். இல்லாவிட்டால் கொம்பும் காலும் இடம் மாறி நிற்கும். "தமிழ் கம்ப்யூட்டருக்கு ஒத்து வராதுங்க" என்று கடைக்காரர் தீர்ப்பே சொல்லிவிட்டார். ஒத்து வராதது தமிழ் அல்ல. ஏற்றப்படாத சில பொதுக் கோப்புகள். ஒரு மொழியின் மானமே அவற்றில் தொங்கிக்கொண்டிருந்தது என்றால் மிகையாகாது.

விஸ்டாவிலிருந்து இது தானாகவே வரத் தொடங்கியது. 2010 ஜூனில் கோவை செம்மொழி மாநாட்டையொட்டித் தமிழக அரசும் யூனிகோடை (டேஸ்16 முறையோடு சேர்த்து) அதிகாரப்பூர்வமாக ஏற்றது. இன்று உங்கள் ஆண்ட்ராய்டு போனில் தமிழைக் கோத்துக் கொடுப்பது ஹார்ஃப்பஸ் என்ற, எவரும் பார்க்கக்கூடிய, எவரும் திருத்தக்கூடிய ஒரு பொது நூலகம். குரோமும் ஃபயர்ஃபாக்ஸும்கூட அதையே பயன்படுத்துகின்றன. அம்மாவுக்கு நீங்கள் அனுப்பும் 'சாப்டியா?' அதன் வழியாகத்தான் போய்ச் சேருகிறது.

காவல் போட்ட வரலாறு

சரி, நரகத்துக்கு என்ன பரிகாரம் செய்தார்கள்?

முதலில் வந்தது பரிசோதகர். 1998 ஜூனில் விண்டோஸ் 98, 'சிஸ்டம் ஃபைல் செக்கர்' என்ற கருவியோடு வந்தது. கெட்ட கோப்பைக் கண்டுபிடித்து சிடியிலிருந்து மீட்கும். அடுத்து வந்தது காவலர். விண்டோஸ் 2000ல், முக்கியமான கோப்பை யாராவது மாற்றினால், ஒளித்து வைத்திருக்கும் நல்ல பிரதியை விண்டோஸே சத்தமில்லாமல் திருப்பி வைத்துவிடும். 2001ல் எக்ஸ்.பி.யோடு மூன்றாவது வழி பரவலானது: ஒரே டி.எல்.எல்.லின் பல பதிப்புகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, எந்த மென்பொருளுக்கு எது வேண்டும் என்று சீட்டு எழுதிக் கொடுப்பது. சி டிரைவில் வின்எஸ்எக்ஸ்எஸ் என்றொரு பெரிய ஃபோல்டர் இருக்கிறதே, அது இந்த ஏற்பாட்டின் கிடங்குதான். இடத்தை அடைக்கிறது என்று அதில் கை வைத்துவிடாதீர்கள். விஸ்டாவில் பூட்டே போட்டுவிட்டார்கள். நிர்வாகி என்றாலும் அந்தக் கோப்புகளை நேரடியாக மாற்ற முடியாது.

லினக்ஸ் உலகம் வேறு விதமாக யோசித்தது. கோப்பின் பெயரிலேயே பதிப்பு எண்ணை வெட்டிவிட்டார்கள். பழைய ஐந்தாம் எண் சி நூலகமும் புதிய ஆறாம் எண்ணும் ஒரே இயந்திரத்தில் சண்டையில்லாமல் இருக்கலாம். 1997ல் வந்த அந்த ஆறாம் எண் பெயர் இன்றுவரை மாறவில்லை. பழையதை நம்பியவர்களைக் கைவிடாமல் உள்ளுக்குள்ளேயே புதுப்பித்து வருகிறார்கள். எந்த மென்பொருளுக்கு எந்த நூலகம் தேவை என்ற கணக்கையும் டெபியன் போன்ற அமைப்புகள் ஒரே இடத்தில் பராமரிக்கின்றன. சென்னை சி-டாக்கில் உருவான நம் போஸ் லினக்ஸும் அந்த டெபியன் குடும்பம்தான்.

காவலுக்குப் போட்டவரே கன்னம் வைத்த கதையும் உண்டு. 2008 நவம்பரில் ஏ.வி.ஜி. என்ற ஆன்டிவைரஸ், ஒரு தவறான அப்டேட்டினால், எக்ஸ்.பி.யின் சில ஐரோப்பிய மொழிப் பதிப்புகளில் யூசர்32 டி.எல்.எல்.லையே வைரஸ் என்று நினைத்து நீக்கச் சொன்னது. 1985ல் பார்த்தோமே, அந்த மூன்றில் ஒன்றான யூசரின் வாரிசு அது. நீக்கியவர்களின் கம்ப்யூட்டர் எழவே இல்லை.

காணாமல் போனால் என்ன செய்வது?

இன்றைய மாணவர்களுக்காக இந்தப் பகுதி. அனுபவத்தில் வரிசைப்படுத்திச் சொல்கிறேன்.

ஒன்று: பெட்டி வந்ததும் ஓகே தட்டி மூடாதீர்கள். கோப்பின் பெயரை எழுதிக்கொள்ளுங்கள். பாதி நோய் பெயரிலேயே தெரிந்துவிடும். எம்.எஸ்.வி.சி.பி.140, விசிரன்டைம்140 என்று வந்தால் அது மைக்ரோசாப்ட் விஷுவல் சி பிளஸ் பிளஸ் தொகுப்பு. மைக்ரோசாப்டின் தளத்திலிருந்தே அந்தத் தொகுப்பை இறக்கி நிறுவினால் முடிந்தது. 64 பிட் கம்ப்யூட்டர் ஆனாலும் 32 பிட், 64 பிட் இரண்டையும் போடுங்கள். டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கினால் டைரக்ட்எக்ஸ். பழைய கேம்களில் வரும்.

இரண்டு: ஒரே ஒரு மென்பொருள்தான் தகராறு என்றால், அதை நீக்கிவிட்டு மறுபடி நிறுவுங்கள். அதற்கு முன் ஆன்டிவைரஸின் சிறை அறையை ஒருமுறை எட்டிப் பாருங்கள்.

மூன்று: விண்டோஸின் சொந்தக் கோப்பே கெட்டிருந்தால், நிர்வாகி உரிமையோடு கமாண்ட் பிராம்ப்ட் திறந்து, முதலில் டிஸ்ம் கருவியை 'ரெஸ்டோர் ஹெல்த்' என்று ஓட்டுங்கள், பிறகு எஸ்.எஃப்.சி. 'ஸ்கேன் நவ்'. முதலாவது கிடங்கைச் சரி செய்யும், இரண்டாவது கிடங்கிலிருந்து எடுத்து மாற்றும். கிடங்கே கெட்டிருக்கும்போது மாற்றி என்ன பயன்? அதனால்தான் இந்த வரிசை. திரும்பத் திரும்பக் கெட்டால் ஹார்டு டிஸ்க்கையும் ராமையும் சோதியுங்கள்.

நான்கு: 'டி.எல்.எல். இலவச டவுன்லோடு' என்று கூவும் தளங்களின் பக்கம் போகாதீர்கள். அங்கே கிடைப்பது எந்தப் பதிப்பு, யார் கை பட்டது, உள்ளே என்ன இருக்கிறது, எதுவும் தெரியாது. சிஸ்டம்32 ஃபோல்டரில் கோப்பைக் கொண்டுபோய்ப் போடாதீர்கள். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற பெயருள்ள ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற ஃபோல்டரில். பெயரை நம்பி மாற்றிப் போட்டவர்கள் அனேகம்.

இந்த நான்காவது புத்திமதியை நான் சொல்லத் தகுதி உள்ளவனா என்பதை இன்னும் கொஞ்ச நேரத்தில் நீங்களே தீர்மானிக்கலாம்.

அண்டாவைத் தேய்ப்பவர் யார்?

இப்போது டிஸ்க் மலிவு, நினைவகம் தாராளம். ஆகவே காலச் சக்கரம் திரும்பி, ஒவ்வொரு மென்பொருளும் தனக்கு வேண்டியதைத் தானே மூட்டை கட்டிக்கொண்டு வரும் பழக்கம் பெருகிவிட்டது. 2013ல் வந்த டாக்கர் அந்த வகை. வீட்டுக்கு வீடு தனி அண்டா. இதில் நிம்மதி உண்டு. ஆனால் 2014 ஏப்ரலில் ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தில் 'ஹார்ட்பிளீட்' என்ற ஓட்டை தெரியவந்தபோது, பொதுப் பிரதியைப் பயன்படுத்தியவர்கள் ஒரு கோப்பை மாற்றி முடித்தார்கள். சொந்தப் பிரதி வைத்தவர்கள் ஒவ்வொன்றாகத் தேடி அடைக்க வேண்டியிருந்தது. பகிர்வதிலும் கஷ்டம் உண்டு, பகிராமல் இருப்பதிலும் உண்டு.

2024 மார்ச் மாதம் நடந்தது இன்னும் பெரிது. கோப்புகளைச் சுருக்கும் எக்ஸ்.இசட். என்ற சிறிய பொது நூலகம். லினக்ஸ் கம்ப்யூட்டர்களில் அனேகமாக எங்கும் இருப்பது. அதைப் பல ஆண்டுகளாக ஓய்வு நேரத்தில் பராமரித்து வந்தவர் ஒரே ஒருவர். அவருக்கு உதவுவதாக வந்து, இரண்டு ஆண்டுகளுக்கு மேல் நல்லபிள்ளையாக நடந்து நம்பிக்கை பெற்ற ஒரு புனைபெயர்க்காரர், அதற்குள் கள்ளக்கதவு வைத்துவிட்டார். 5.6.0, 5.6.1 என்ற இரண்டு பதிப்புகளில் அது இருந்தது. கண்டுபிடித்தவர் ஆன்ட்ரெஸ் ஃபிராயிண்ட் என்ற பொறியாளர். வெளியிலிருந்து கம்ப்யூட்டருக்குள் நுழைய வழக்கத்தைவிட அரை வினாடி கூடுதலாக ஆகிறதே என்று சந்தேகப்பட்டுத் தோண்டிப் பார்த்தார். அந்த அரை வினாடியை அவர் அலட்சியம் செய்திருந்தால் உலகெங்கும் எத்தனையோ சர்வர்களுக்குள் அந்தக் கதவு போயிருக்கும்.

இத்தனை ஆண்டு வரலாற்றையும் படித்தபின் எனக்குத் தோன்றுவது இதுதான். பொதுச் சொத்தைக் காப்பது பூட்டு மட்டும் அல்ல. யாரோ ஒருவர், சம்பளத்துக்கு மீறிய அக்கறையோடு, யார் கண்ணிலும் படாமல் அதைத் தேய்த்துக் கழுவி வைக்கிறார். அது ஒழுங்காக இருக்கும்வரை அவர் இருப்பதே நமக்குத் தெரிவதில்லை. கெட்டுப்போன அன்றைக்கு மட்டும் அவரைக் கூப்பிட்டுக் கேட்கிறோம்.

2010, முந்தின நாள் ராத்திரி

நம் லேபிலும் அப்படி ஒருவர் இருந்தார். நாங்கள் லேப் அண்ணன் என்றுதான் கூப்பிடுவோம். நீள நோட்டு ஒன்றில், எந்த சிஸ்டத்தில் எந்தத் தேதியில் எதை ஏற்றினார் என்று எழுதி வைத்திருப்பார். "தம்பிங்களா, சிஸ்டம்32ல கைய வெக்காதீங்கடா" என்பது அவருடைய திருமந்திரம்.

டெமோவுக்கு முந்தின நாள் இருட்டும் நேரம். எங்கள் புராஜெக்ட் அந்த புரொஜெக்டர் கம்ப்யூட்டரில் ஓட மறுத்தது. விஷுவல் பேசிக் 6ல் பட்டியல், டூல்பார் எல்லாம் காட்டும் ஒரு பொதுக் கோப்பு உண்டு, விரிவாக்கம் ஓ.சி.எக்ஸ். என்று இருந்தாலும் அதுவும் டி.எல்.எல்.தான். அதில் ஏதோ கோளாறு என்று எனக்கு நானே முடிவு கட்டினேன். அண்ணனைக் கேட்கவில்லை, கேட்டால் நேரம் ஆகும். டீ குடிக்க அவர் வெளியே போன பத்து நிமிஷத்தில், எங்கோ இணையத்தில் இறக்கி பென்டிரைவில் வைத்திருந்த ஒரு கோப்பை அதன்மேல் போட்டுப் பதிவு செய்தேன். எங்கள் புராஜெக்ட் ஓடிற்று. கைதட்டிக்கொண்டு தருமபுரி பஸ் ஏறினோம்.

நான் போட்டது பழைய பதிப்பு. அந்தப் பெண்கள் தங்கள் புராஜெக்டைக் கட்டியிருந்தது புதிய பதிப்பை நம்பி. எக்ஸ்.பி.யின் காவலர் விண்டோஸின் சொந்தக் கோப்புகளை மட்டும்தான் காப்பார். இது அவர் கணக்கில் வராத கோப்பு. விளிம்பு நெளிந்தது என்னால். மறுநாள் பந்தியில் தலைகுனிந்து நின்றது அவர்கள்.

அண்ணன் தன் சிடியைத் தேடி எடுத்து, சரியான கோப்பைப் போட்டு ஓட வைக்க ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆயிற்று. வெளியிலிருந்து வந்த தேர்வாளருக்கு அதற்குள் கிளம்பும் அவசரம். அந்த பேட்ச் கடைசியாக, ஐந்தே நிமிஷத்தில் டெமோ முடித்தது. மதிப்பெண்ணும் அதற்கேற்ற மாதிரிதான் வந்தது. லேபைச் சரியாகப் பராமரிக்கவில்லை என்று அண்ணனிடம் எழுத்தில் விளக்கம் கேட்டார்கள். நான் அதே அறையில், இரண்டாவது வரிசையில் உட்கார்ந்திருந்தேன். வாயைத் திறக்கவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு பொங்கல் விடுமுறையில் அவரைத் தேடிப் போனேன். ஓய்வு பெற்று, வீட்டோடு இரண்டு மாடு வைத்துக்கொண்டு இருந்தார். சொன்னேன். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. மாட்டுக்குத் தண்ணீர் காட்டிவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"எனக்கு ஒரு மெமோ. அதோட போச்சு. எங்கிட்ட சொல்லி என்னாத்துக்குப்பா? அந்தப் பொண்ணுங்ககிட்ட சொன்னியா?"

சொல்லவில்லை. மூவரும் இப்போது எங்கெங்கோ இருக்கிறார்கள். ஆனால் இந்த மலர் முன்னாள் மாணவர் எல்லோருக்கும் தபாலில் போகும் என்று மலர்க் குழு சொன்னது. அதற்காகத்தான் இத்தனை பக்கம் எழுதினேன்.

சகோதரிகளே, உங்கள் புராஜெக்ட்டில் ஒரு குறையும் இல்லை. நீங்கள் எழுதிய நிரலும் சரி, சோதித்ததும் சரி. கோப்பை மாற்றியவன் நான். அண்ணன் பொறுப்பில்லாதவர் என்று அன்று நினைத்த ஆசிரியர்களுக்கும் இதையே சொல்லிக்கொள்கிறேன். மன்னிக்க வேண்டும்.

இன்று லேபில் உட்கார்ந்திருக்கும் தம்பி தங்கைகளுக்கு: பொதுவில் இருக்கும் எதையாவது மாற்றுவதற்கு முன், பொறுப்பில் இருப்பவரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். கேட்காமல் செய்துவிட்டால், அன்று சாயந்திரத்துக்குள் போய்ச் சொல்லிவிடுங்கள். ஒரு மணி நேரத்தில் கோப்பைச் சரி செய்துவிடலாம். மற்றதற்குத்தான் எனக்கு இத்தனை வருஷம் பிடித்தது.